நட்டத்தில் ஓடும் ரயில்: பிரித்தானியா மூடிய பாதைகளும் நாங்கள் கேட்க வேண்டிய கேள்விகளும்

கொடிகாமத்தில் எங்கள் வீட்டு வேலிக்கும் ரயில் பாதைக்கும் நடுவில் ஒரு பனங்காணி மட்டுந்தான் இருந்தது. மாம்பழக் காலத்தில் அப்பா பெட்டிகளைக் கட்டி, சைக்கிளில் வைத்து ஸ்டேசனுக்குத் தள்ளிக்கொண்டு போவார். இரவுக் கோச்சியில் ஏறும் பழம் விடியக் கொழும்பில் நிற்கும். அந்தக் காசில்தான் நானும் தங்கையும் படித்தோம்.

1990 ஜூனில் யுத்தம் மீண்டும் மூண்டபோது வவுனியாவுக்கு வடக்கே ரயில் நின்றது. கொஞ்ச நாளில் தண்டவாளமும் சிலிப்பர் கட்டையும் பங்கர்களுக்குப் போயின. இரண்டு தரப்பும் எடுத்தன. எங்கள் ஸ்டேசன் கட்டிடத்தில் இடம்பெயர்ந்த குடும்பங்கள் அடுப்பு மூட்டின. அம்மாவைக் கண் வைத்தியத்துக்குக் கொழும்புக்குக் கொண்டுபோக, கிளாலிக் கடலில் இருட்டோடு இருட்டாக வள்ளத்தில் போனோம். அப்பா 2003 இல் காலமானார். திரும்பி வந்த ரயிலை அவர் பார்க்கவில்லை.

எங்கள் பாதையை மூடும்போது யாரும் இலாப நட்டம் பார்க்கவில்லை. யுத்தம் மூடியது, அவ்வளவுதான். ஆனால் குண்டு ஒன்றும் விழாத நாட்டில், சமாதான காலத்தில், கணக்குப் புத்தகத்தை வைத்தே ஆயிரக்கணக்கான மைல் ரயில் பாதையை மூடிய கதை ஒன்று இருக்கிறது. 2018 இல் ஸ்கொட்லாந்தில் இருக்கும் தங்கையிடம் போயிருந்தபோது அந்தக் கதையின் ஒரு துண்டை நேரில் பார்த்தேன். வந்த பிறகு அதைத் தேடிப் படித்தேன்.

2022 பொருளாதார நெருக்கடிக்குப் பிறகு எங்கள் நாட்டிலும் அரச நிறுவனங்களின் நட்டம் அன்றாடப் பேச்சாகிவிட்டது. அந்தப் பட்டியலில் புகையிரதத் திணைக்களமும் தவறாமல் வருகிறது. ஒரு நாள் யாராவது ஒருவர் பட்டியலை விரித்து, இந்தப் பாதை நட்டம், அந்த ஸ்டேசன் நட்டம் என்று வாசிக்கத் தொடங்கினால், அதற்கு முதல் நாங்கள் அறிந்திருக்க வேண்டிய சில விடயங்கள் பிரித்தானியாவின் அனுபவத்தில் இருக்கின்றன.

பீச்சிங் அறிக்கை

ரயிலை உலகுக்குக் கொடுத்த நாடு பிரித்தானியா. 19ஆம் நூற்றாண்டில் அங்கே ரயில் பாதைகளைப் போட்டவை தனியார் கம்பனிகள். ஒன்றோடொன்று போட்டி போட்டு, ஒரே ஊருக்கு இரண்டு மூன்று கம்பனிகள் கூடப் பாதை போட்டன. இரண்டாம் உலக யுத்தம் முடிந்த பிறகு, 1948 ஜனவரி 1 இல், இவை எல்லாம் தேசியமயமாக்கப்பட்டு ஒரே வலையமைப்பாகின. அப்போது அதன் நீளம் ஏறத்தாழ 20,000 மைல்.

1950களில் காரும் லொறியும் பெருகின. சரக்கு வீதிக்கு மாறியது. 1955 இல் ரயிலை நவீனமாக்க 1,240 மில்லியன் பவுண் செலவில் பெருந்திட்டம் ஒன்று அறிவிக்கப்பட்டது. அதனாலும் இலாபம் வரவில்லை. 1962 இல் ரயில்வேயின் நட்டம் 100 மில்லியன் பவுணைத் தாண்டியது.

அந்த நேரம் போக்குவரத்து அமைச்சராக இருந்தவர் ஏர்னஸ்ட் மார்பிள்ஸ். வீதிகள் கட்டும் நிறுவனம் ஒன்றின் பெரும் பங்குகளை வைத்திருந்தவர் அவர். அமைச்சரான பிறகு அந்தப் பங்குகள் பற்றிப் பாராளுமன்றத்தில் கேள்வி எழுந்தது. ரயில்வேயைச் சீர்திருத்த அவர் கொண்டுவந்தவர், இரசாயனக் கைத்தொழில் நிறுவனமான ஐ.சி.ஐ.யின் பணிப்பாளர்களில் ஒருவரான டொக்டர் ரிச்சர்ட் பீச்சிங். ஆண்டுக்கு 24,000 பவுண் சம்பளம். பிரதமரின் சம்பளத்தை விட அது மிக அதிகம் என்பது அன்றைய பத்திரிகைகளுக்குப் பெரிய செய்தி.

1963 மார்ச் 27 இல் பீச்சிங்கின் அறிக்கை வெளிவந்தது. ஏறத்தாழ 5,000 மைல் பாதையையும் 2,363 ஸ்டேசன்களையும் மூட வேண்டும் என்றது அது. பயணிகள் ஸ்டேசன்களில் பாதிக்கு மேல், பாதையில் மூன்றில் ஒரு பங்கு அளவு. மூட வேண்டிய ஸ்டேசன்களின் பெயர்கள் பக்கம் பக்கமாகப் பட்டியலிடப்பட்டிருந்தன. பலர் தங்கள் ஊரின் பெயரை முதன்முதலாக ஓர் அரச ஆவணத்தில் கண்டது அந்தப் பட்டியலில்தான்.

பீச்சிங்கைக் கெட்டவராக மட்டும் காட்டுவது நியாயமில்லை. நாளுக்கு ஐந்து பத்துப் பேர் மட்டும் ஏறிய கிளைப் பாதைகள் அங்கே உண்மையாகவே இருந்தன. ஒரே ஊருக்குப் போட்டியாகப் போட்ட இரண்டு பாதைகளில் ஒன்று தேவையில்லை என்பதிலும் தவறில்லை. கொள்கலன்களை ரயிலில் கொண்டுபோகும் முறைக்கும், பெரிய நகரங்களுக்கு இடையே விரைவு ரயில்களை வலுப்படுத்தவும் அதே அறிக்கை வழி காட்டியது. சிக்கல், எதை எப்படி எண்ணினார்கள் என்பதில்தான் இருந்தது.

எண்ணியது எப்படி?

அறிக்கையின் கணக்குகளுக்கு அடிப்படையாக இருந்தது 1961 ஏப்ரல் மாதத்தின் ஒரு வாரத்தில் எடுத்த போக்குவரத்துக் கணக்கெடுப்பு. ஒரே ஒரு வாரம். வலையமைப்பின் மூன்றில் ஒரு பங்கு நீளமான பாதைகள் மொத்தப் பயணிகளில் நூற்றுக்கு ஒரு பங்கைத்தான் ஏற்றுகின்றன என்றும், ஸ்டேசன்களில் பாதி சேர்ந்து வருமானத்தில் நூற்றுக்கு 2 பங்கைத்தான் தருகின்றன என்றும் அறிக்கை சொன்னது. கேட்டவர்கள் அதிர்ந்தார்கள். எண்கள் அவ்வளவு தெளிவாக இருந்தன.

விமர்சகர்கள் இரண்டு ஓட்டைகளைக் காட்டினார்கள்.

முதலாவது காலம். ஏப்ரலில் கடற்கரை ஊர்களுக்குப் பெரிதாக யாரும் போவதில்லை. ஜூலை, ஓகஸ்டில் அதே பாதைகளில் நிற்க இடமிருக்காது. நல்லூர்த் திருவிழாக் காலத்தை விட்டுவிட்டு ஐப்பசி மழையில் ஒரு வாரம் எண்ணினால் யாழ்ப்பாண ரயிலின் கணக்கு எப்படி வரும் என்று நினைத்துப் பாருங்கள்.

இரண்டாவது ரிக்கெற். ஒரு ஸ்டேசனின் வருமானம் என்பது அங்கே விற்ற ரிக்கெற்றின் பணம். லண்டனில் ரிக்கெற் வாங்கிக் கடற்கரை ஊரில் இறங்கியவரின் காசு லண்டன் கணக்கில் விழும். அவர் இறங்கிய சிறிய ஸ்டேசனுக்கு ஒன்றும் இல்லை. ஆனால் அந்தச் சிறிய ஸ்டேசன் இல்லாவிட்டால் அவர் லண்டனிலும் அந்த ரிக்கெற்றை வாங்கியிருக்க மாட்டார்.

இதை வாசித்தபோது எனக்கு எங்கள் ஸ்டேசன்தான் நினைவுக்கு வந்தது. வெள்ளிக்கிழமை கொழும்பிலிருந்து வரும் ரயிலில் கொடிகாமத்தில் இறங்குபவர்கள் எத்தனையோ பேர். அவர்களின் காசு கோட்டைப் புகையிரத நிலையத்தின் வருமானம். கொடிகாமத்தின் யன்னலில் விற்கும் ரிக்கெற்றை மட்டும் பார்த்தால் இந்த ஸ்டேசன் எதற்கு என்றுதான் யாரும் கேட்பார்கள்.

இன்னொரு கணிப்பும் பிழைத்தது. கிளைப் பாதையை மூடினால் சனம் பஸ்ஸிலோ காரிலோ அடுத்த பெரிய ஸ்டேசனுக்கு வந்து, அங்கிருந்து ரயில் ஏறும் என்று நினைத்தார்கள். நடந்தது வேறு. காரில் ஏறியவர் போகும் இடம் வரைக்கும் காரிலேயே போனார். ஆகவே கிளையை வெட்டியபோது பெரிய பாதைக்கும் பயணிகள் குறைந்தார்கள்.

சவப்பெட்டியும் மூடிய கேற்றும்

சனம் சும்மா இருக்கவில்லை. ஆனால் எதிர்க்கும் வழியை 1962 ஆம் ஆண்டின் போக்குவரத்துச் சட்டம் ஒடுக்கியிருந்தது. மூடும் முடிவுக்கு எதிரான மனுக்களைப் பாவனையாளர் ஆலோசனைக் குழுக்கள் விசாரிக்கலாம். ஆனால் அந்தக் குழுக்கள் பார்க்கக்கூடியது ஒன்றே ஒன்று: பாதையை மூடினால் பயணிகளுக்கு எவ்வளவு கஷ்டம் வரும் என்பது. நட்டக் கணக்குச் சரியா பிழையா என்று கேள்வி கேட்க அங்கே இடமில்லை. எந்த எண்களை வைத்துப் பாதையை மூடினார்களோ, அந்த எண்களைத் தொட அந்தப் பாதையில் போனவர்களுக்கு உரிமை இருக்கவில்லை.

1964 தேர்தலில் தொழிற்கட்சி, பெரிய மூடல்களை நிறுத்துவோம் என்று வாக்குறுதி கொடுத்து ஆட்சிக்கு வந்தது. மூடல்கள் நிற்கவில்லை. தேர்தலுக்கு முன் ஒரு பேச்சும் பின் ஒரு பேச்சும் எங்களுக்குப் புதிதல்லவே.

நான் பார்த்த பாதையின் கதைக்கு வருகிறேன். எடின்பரோவிலிருந்து தெற்கே இங்கிலாந்தின் கார்லைல் நகரம் வரை 98 மைல் நீளத்துக்கு ஓடியது வேவர்லி பாதை. ஸ்கொட்லாந்தின் எல்லைப்புறத்தில் கம்பளித் துணி நெய்யும் சிறிய நகரங்களை இணைத்த பாதை அது. அதில் ஒரு நகரம் ஹோய்க். அந்த ஊரைச் சேர்ந்த மட்ஜ் எலியட் என்ற இல்லத்தரசி வீடு வீடாகச் சென்று பதினோராயிரத்துக்கும் மேற்பட்ட கையொப்பங்கள் சேர்த்து, 1968 டிசம்பரில் லண்டனில் பிரதமரின் வாசஸ்தலத்தில் ஒப்படைத்தார். பயன் கிடைக்கவில்லை.

1969 ஜனவரி 5 இரவு, அந்தப் பாதையின் கடைசி ரயில் எடின்பரோவிலிருந்து புறப்பட்டது. ஹோய்க் ஸ்டேசனில் ஊர்மக்கள் ஒரு சவப்பெட்டியை ஏற்றினார்கள். போக்குவரத்து அமைச்சர் ரிச்சர்ட் மார்ஷின் விலாசம் அதில் எழுதப்பட்டிருந்தது. அடுத்து நியூகாசில்டன் என்ற கிராமத்தில் சனம் ரயில் கேற்றை மூடிவிட்டுப் பாதையில் நின்றது. ஊர்த் தேவாலயத்தின் போதகரைப் பொலிஸ் கைது செய்தது. அந்த ரயிலிலேயே பயணம் செய்த தொகுதியின் இளம் பாராளுமன்ற உறுப்பினர் டேவிட் ஸ்டீல் இறங்கி வந்து பேசினார். போதகரை விடுவித்தால் பாதையை விடுகிறோம் என்று முடிவானது. ரயில் போனது. பிறகு 46 வருடங்கள் அந்த எல்லைப்புறத்தில் ரயில் இல்லை.

மூடிய பிறகு நடந்தது

1963 இலிருந்து பத்து வருடங்களுக்குள் ஏறத்தாழ 4,000 மைல் பாதை மூடப்பட்டது. 1970களின் நடுப்பகுதியில் வலையமைப்பு 12,000 மைல் அளவுக்குச் சுருங்கியிருந்தது. ஆனால் நட்டம் போகவில்லை. 1968 இலும் அது 100 மில்லியன் பவுணுக்கு மேலேயே நின்றது. கிளைப் பாதைகளின் செலவு குறைவு என்பதால் அவற்றை மூடி மிச்சம் பிடித்ததும் குறைவு.

மூடிய பாதைகளுக்குப் பதிலாகப் பஸ் விட்டார்கள். ரயில் அரை மணித்தியாலத்தில் போன இடத்துக்குப் பஸ் ஒரு மணித்தியாலத்துக்கு மேல் எடுத்தது. சாமான்களும் குழந்தை வண்டிகளும் அதில் ஏறாது. சனம் ஏறவில்லை. சனம் ஏறாதபடியால் அந்தப் பஸ்களும் ஒன்றிரண்டு வருடங்களில் நட்டம் என்று நிறுத்தப்பட்டன. காரில்லாதவர்கள், வயோதிபர்கள், பள்ளிப் பிள்ளைகள்தான் கடைசியில் வீதியோரத்தில் நின்றார்கள்.

மிகப் பெரிய பிழை நிலத்தில் நடந்தது. தண்டவாளத்தைக் கழற்றிப் பழைய இரும்புக்கு விற்றதோடு நிற்காமல், பாதை கிடந்த நிலத்தையும் துண்டு துண்டாக விற்றார்கள். பாலங்களை உடைத்தார்கள். ஹோய்க் ஸ்டேசன் இருந்த இடத்தில் இன்று விளையாட்டு மண்டபம் நிற்கிறது. எடின்பரோவுக்குத் தெற்கே பழைய பாதையைக் குறுக்கறுத்துப் பெருஞ்சாலை போட்டார்கள். ரயிலை நிறுத்துவது ஓர் ஆண்டின் முடிவு. ஆட்சி மாறினால் அதை மாற்றலாம். நிலத்தை விற்றால் அப்படித் திருப்ப முடியாது.

தப்பிய பாதைகள்

எல்லாப் பாதையும் அழியவில்லை. 1968 இல் பார்பரா காசில் கொண்டுவந்த போக்குவரத்துச் சட்டம் ஒரு புதிய வழியைத் திறந்தது. வருமானம் போதாவிட்டாலும் சமூகத்துக்குத் தேவை என்று கருதும் சேவைகளுக்கு அரசு நேரடியாக மானியம் கொடுக்கலாம் என்றது அது. அதுவரை "நட்டம்" என்று ஒரே சொல்லால் சொல்லப்பட்டது, அன்றிலிருந்து அரசு தெரிந்தே வாங்கும் ஒரு சேவையின் விலை ஆனது. பாடசாலையும் ஆஸ்பத்திரியும் எவ்வளவு இலாபம் தருகின்றன என்று நாங்கள் கேட்பதில்லை.

இன்னொரு பாதை சனத்தின் விடாப்பிடியால் தப்பியது. வட இங்கிலாந்தின் மலைகளூடாகப் போகும் செட்டில்–கார்லைல் பாதையை 1980களில் மூட முயன்றார்கள். ரிபிள்ஹெட் என்ற பெரும் கல்பாலத்தைத் திருத்தும் செலவைத் தாங்க முடியாது என்பது பெரிய காரணமாகச் சொல்லப்பட்டது. 22,000 இற்கு மேற்பட்ட ஆட்சேபங்கள் எழுத்தில் போயின. அவற்றில் ஒன்று ஒரு நாயின் பாத அடையாளம்: அதுவும் ரிக்கெற் வாங்கிப் பயணித்த நாய்தான், அதற்கும் ஆட்சேபிக்க உரிமையுண்டு என்றார்கள். மூடப் போகிறார்கள் என்று கேள்விப்பட்ட சனம் அதில் ஏறத் தொடங்க, பயணிகள் பலமடங்கு கூடினார்கள். 1989 ஏப்ரலில் அரசு மூடும் முடிவைக் கைவிட்டது. பாலமும் முதலில் சொன்னதை விடக் குறைந்த செலவில் திருத்தப்பட்டது.

பாதை முடியும் இடம்

ஹோய்க் மக்களின் போராட்டம் ஒரு தலைமுறைக்குப் பிறகு பாதிப் பயன் தந்தது. 1999 இல் ஓர் இயக்கம் தொடங்கி, 2006 இல் ஸ்கொட்லாந்துப் பாராளுமன்றம் சட்டம் இயற்றி, 2015 செப்டெம்பரில் எடின்பரோவிலிருந்து ட்வீட்பாங்க் வரை பழைய வேவர்லி பாதையின் சுமார் 30 மைல் மீண்டும் திறக்கப்பட்டது. செலவு 294 மில்லியன் பவுண். எலிசபெத் மகாராணி வந்து திறந்துவைத்தார். முதல் வருடத்திலேயே பத்து இலட்சத்துக்கு மேற்பட்ட பயணங்கள் பதிவாகின. சில ஸ்டேசன்களில் எதிர்பார்த்ததை விடப் பல மடங்கு சனம்.

தங்கையோடு அந்த ரயிலில்தான் போனேன். ஒரு மணித்தியாலத்துக்குள் ட்வீட்பாங்க் வந்துவிட்டது. அங்கே பாதை முடிகிறது. தண்டவாளத்தின் நுனியில் தடுப்புக் கட்டை, அதற்கு அப்பால் புல். எங்களோடு இறங்கிய ஒரு முதியவர் ஹோய்க்குக்குப் போகும் பஸ்ஸுக்குக் காத்திருந்தார். இந்த ரயில் எப்படி என்று தங்கை அவரிடம் கேட்டாள். "நல்லது. ஆனால் எங்கள் ஊருக்கு இன்னும் வரவில்லையே, அம்மா" என்றார். கடைசி ரயில் போன இரவு தான் பிளாற்போமில் நின்றதாகச் சொன்னார். எனக்கு அவரிடம் சொல்ல ஒரு கதை இருந்தது. பஸ் வந்துவிட்டது.

பாதையை மூடாமல் பேணியிருந்தால் எவ்வளவு செலவாகியிருக்கும், திரும்பப் போட எவ்வளவு செலவானது என்று யோசிக்கும்போது இன்னொரு உதாரணத்தையும் பக்கத்தில் வைக்க வேண்டும். தென்மேற்கு இங்கிலாந்தின் ஓக்ஹாம்ப்டன் நகருக்கு 1972 இல் வழக்கமான பயணிகள் சேவை நின்றது. ஆனால் கல்லுடைக்கும் சுரங்கம் ஒன்றுக்காகத் தண்டவாளம் கழற்றப்படாமல் கிடந்தது. 2021 நவம்பரில் அங்கே தினசரி ரயில் திரும்பி வந்தது. செலவு 40 மில்லியன் பவுண் அளவுதான். வடகிழக்கில் அஷிங்டன் நகருக்கும் அப்படியே: 1964 இல் பயணிகள் ரயில் நின்றது, சரக்கு ரயிலுக்காகப் பாதை உயிரோடு இருந்தது, 2024 டிசம்பரில் பயணிகள் மீண்டும் ஏறினார்கள். தண்டவாளமும் நிலமும் கிடந்த ஓக்ஹாம்ப்டனுக்கு ரயில் சுலபமாக வந்தது. விற்ற இடத்தில் நூற்றுக்கணக்கான மில்லியன் தேவைப்பட்டது. ஹோய்க்குக்கு இன்னும் வரவில்லை.

எங்கள் நாட்டின் பழைய பாடங்கள்

கணக்குப் பார்த்து ரயிலை மூடுவது இலங்கைக்கும் புதிதல்ல. நானுஓயாவிலிருந்து நுவரெலியா வழியாக இராகலைக்குத் தேயிலைத் தோட்டங்களூடாக ஓடிய சிறிய அகலப் பாதை 1940களில் மூடப்பட்டது. வீதியும் லொறியும் வந்தபிறகு அது கட்டாது என்றார்கள். அந்தத் தடத்தின் பகுதிகள் இன்று வீதியும் தோட்டமுமாகிவிட்டன. அவிசாவளையிலிருந்து இரத்தினபுரி வழியாக ஓப்பநாயக்க வரை போன களனிவெளிப் பாதையின் மீதி 1970களில் மூடப்பட்டது. அதைத் திரும்பப் போடுவதாக எத்தனையோ தடவை சொல்லப்பட்டுவிட்டது. அவிசாவளைக்கு அப்பால் இன்னும் ரயில் இல்லை.

வடக்குப் பாதை யுத்தத்தால் மூடப்பட்டு, 24 வருடங்களின் பின் திரும்பி வந்தது. இந்தியக் கடனுதவியில் 2013 செப்டெம்பரில் கிளிநொச்சிக்கும், 2014 மார்ச்சில் பளைக்கும், ஒக்டோபர் 13 இல் யாழ்ப்பாணத்துக்கும், 2015 தொடக்கத்தில் காங்கேசன்துறைக்கும் ரயில் வந்தது. அதே வருடம் மார்ச்சில் தலைமன்னாருக்கும் வந்தது. அப்படி வர முடிந்ததற்கு ஒரு காரணம், இரும்பும் கட்டையும் போனாலும் பாதையின் நிலத்தை யாரும் விற்றிருக்கவில்லை என்பது.

ஆனால் அந்த நிலத்துக்கும் ஒரு விலை இருந்தது. எங்கள் ஸ்டேசனில் அடுப்பு மூட்டிய குடும்பங்களில் சில அங்கேயே வருடக்கணக்காக இருந்தன. பிள்ளைகள் அங்கே பிறந்தன. வேலை தொடங்கியபோது அவர்கள் எழும்ப வேண்டி வந்தது. சிலருக்கு அது மூன்றாவது, நான்காவது இடப்பெயர்வு. ரயில் வந்த நாளில் நான் சந்தோசப்பட்டேன். அவர்களையும் நினைத்தேன். ஒரு பாதையை நிறுத்திவிட்டு அதன் நிலத்தை யாரும் பொறுப்பெடுக்காமல் விட்டால், பிறகு அதற்கான கடனைக் கட்டுவது எப்போதும் ஏழைகள்தான்.

கேட்க வேண்டிய கேள்விகள்

எந்தப் பாதையையும் என்றைக்கும் மூடக்கூடாது என்று நான் சொல்ல வரவில்லை. கையில் காசில்லாத நாடு கணக்குப் பார்க்கத்தான் வேண்டும். ஆனால் "நட்டம்" என்ற சொல்லோடு ஒருவர் வந்தால், அவரிடம் நாலு விடயம் கேட்க வேண்டும்.

எந்த மாதத்தில், எத்தனை நாள் எண்ணினீர்கள்? திருவிழாவும் பாடசாலை விடுமுறையும் பொங்கலும் அதில் இருக்கின்றனவா?

எங்கள் ஸ்டேசனில் இறங்குபவர்களை எந்தக் கணக்கில் போட்டீர்கள்?

ரயிலுக்குப் பதிலாக என்ன வரும்? அதையும் நட்டம் என்று நிறுத்தமாட்டோம் என்று யார் எழுதித் தருவார்கள்?

ரயில் நின்றாலும், பாதையின் நிலம் யார் பொறுப்பில் இருக்கும்?

பிரித்தானியாவில் பீச்சிங்கின் எண்களுக்கு முன்னால் சனத்திடம் கோபம் இருந்தது, கையொப்பம் இருந்தது. சொந்தமாக எண்ணி வைத்த கணக்கு பெரும்பாலான ஊர்களில் இருக்கவில்லை. எங்களுக்கும் அதே நிலைமைதான். கொடிகாமத்தில் ஒரு வருடத்தில் எத்தனை பேர் இறங்குகிறார்கள், அவர்களில் எத்தனை பேர் மகரகம ஆஸ்பத்திரிக்குப் போய் வருபவர்கள், எத்தனை பேர் பல்கலைக்கழகப் பிள்ளைகள் என்று கேட்டால் எங்களில் யாருக்கும் தெரியாது. இரவு ஏ.சி. பஸ் வந்த பிறகு எங்கள் தெருவிலேயே பலர் ரயிலை விட்டுவிட்டார்கள் என்பதும் உண்மை. நானும் இரண்டு தடவை பஸ்ஸில் போயிருக்கிறேன்.

அதனால் இந்த வருடம் ஒரு வேலை தொடங்கியிருக்கிறேன். ஓய்வு பெற்ற ஆளுக்கு நேரம் இருக்கிறது. வெள்ளிக்கிழமைகளிலும் ஞாயிற்றுக்கிழமைகளிலும் கொழும்பு ரயில் வரும் நேரத்துக்குக் கொப்பியோடு ஸ்டேசனுக்குப் போகிறேன். இறங்குபவர்களை ஒரு பக்கத்திலும் ஏறுபவர்களை மறுபக்கத்திலும் கோடு போட்டு எண்ணுகிறேன். வெள்ளிக்கிழமைகளில் இறங்குபவர்கள் ஏறுபவர்களை விட எப்போதும் கூட. அந்த வித்தியாசந்தான் எங்கள் ஸ்டேசனின் கணக்கில் விழாத காசு. மீசாலையிலும் மிருசுவிலிலும் சங்கத்தானையிலும் இப்படி யாராவது ஒருவர் எண்ணினால் நல்லது. ஒரு கொப்பியும் ஒரு பேனையும் போதும்.